‘குழப்பாத மிளகு’ என்றால் என்ன? கார்பிள் என்ற ஆங்கில வினைச்சொல் பற்றி

மாத்தளையில் வாசனைத் திரவியக் கடையொன்றில் கணக்கு எழுதும் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார். கொச்சியிலிருந்து மிளகு கேட்டு வந்த கடிதத்தில் ‘அன்கார்பிள்ட்’ என்று ஒரு சொல் இருந்ததாம். போனில் உள்ள அகராதியில் ‘கார்பிள்’ என்று போட்டுப் பார்த்தால் ‘குழப்பு, திரித்துக் கூறு’ என்று வருகிறதாம். “அப்படியென்றால் அது குழப்பாத மிளகா, சேர்? முதலாளியிடம் அப்படியே சொல்லிவிட்டேன். இரண்டு நாளாகச் சிரிக்கிறார்” என்று முடித்திருக்கிறார். கூடவே, அந்தச் சொல்லை எங்கே, எப்படிப் பயன்படுத்துவது என்றும் கேட்டிருக்கிறார்.

முதலாளி சிரித்தால் சிரிக்கட்டும், தம்பி. உங்கள் அகராதி பொய் சொல்லவில்லை. வயதான சொல்லின் கடைசிப் பிள்ளையை மட்டும் காட்டிவிட்டு மூத்த பிள்ளையை மறைத்துவிட்டது, அவ்வளவுதான். கார்பிள் என்ற வினைக்கு முதல் பொருள் சலித்தல், புடைத்தல், குப்பை பொறுக்கி எடுத்தல். சுருக்கமாகச் சொன்னால் சரக்கைத் துப்பரவாக்கித் தரம் பிரித்தல். ஆகவே கார்பிள்ட் மிளகு என்றால் காம்பு, தூசி, கல், பதர் எல்லாம் நீக்கிய மிளகு. அன்கார்பிள்ட் என்றால் கொடியிலிருந்து பறித்து, உதிர்த்து, காயவைத்து, அதற்குமேல் கை வைக்காமல் மூட்டை கட்டியது. உங்கள் கொச்சிக்காரர் கேட்பது துப்பரவாக்காத சரக்கு. அங்கே கொண்டுபோய் அவரே சலித்துக்கொள்வார்.

ஆங்கிலம் பேசுகிற நூறு பேரைக் கேட்டால் தொண்ணூற்றொன்பது பேருக்கு இந்த முதல் பொருள் தெரியாது. ஆனால் மிளகு வியாபாரத்தில் அது இன்னும் சாகவில்லை. கேரளத்து மிளகுக்கு இந்தியாவில் வைத்திருக்கும் தரப் பெயர்களைப் பாருங்கள்: மலபார் கார்பிள்ட், மலபார் அன்கார்பிள்ட். உருண்டையாகப் பெரிதாக இருப்பதற்குத் தலச்சேரி கார்பிள்ட் எக்ஸ்ட்ரா போல்ட். அதற்கும் மேலே தலச்சேரி கார்பிள்ட் ஸ்பெஷல் எக்ஸ்ட்ரா போல்ட். வெறும் எக்ஸ்ட்ரா போல்ட் 4.25 மில்லிமீட்டர் சல்லடையில் தங்குகிற மணி, ஸ்பெஷல் எக்ஸ்ட்ரா போல்ட் 4.75 மில்லிமீட்டர் சல்லடையில் தங்குவது. வெளிநாட்டு சூப்பர் மார்க்கெட் போத்தல்களில் ‘தலச்சேரி’ என்று பெரிதாக அச்சடித்து விலையை ஏற்றுகிறார்களே, அது ஊர்ப் பெயர்தான் என்றாலும் அங்கே குறிப்பது சல்லடைக் கண்ணின் அளவைத்தான்.

தென்னிந்தியாவில் காப்பிக்கொட்டை பதனிடும் ஆலைகளிலும் இந்தச் சொல் உண்டு. இயந்திரம் பிரித்துப் போட்ட பிறகு, மேசையில் கொட்டி, கறுத்த கொட்டை, உடைந்த கொட்டை, பூச்சி அரித்த கொட்டை என்று பெண்கள் கையால் பொறுக்குவார்கள். அதற்குப் பெயர் கார்ப்ளிங். நம் மலைநாட்டிலும் தேயிலைக்கு முன்னால் காப்பிதான் இருந்தது. 1869இல் இலைத்துரு நோய் வந்து அதை அழிக்காமல் இருந்திருந்தால், இந்தச் சொல் நம் பாட்டிமார் வாயிலும் பெரட்டு (காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிப்பது), லயம் (தோட்டத்து வரிசை வீடு) மாதிரி ஏதோ ஒரு உருவத்தில் புழங்கியிருக்கும் என்று எனக்கு ஒரு நினைப்பு. பெரேட் என்ற ஆங்கிலச் சொல்லைப் பெரட்டு ஆக்கிய நாங்கள் இதைக் ‘காப்புள்ளு’ என்றாவது ஆக்கியிருக்க மாட்டோமா?

மூன்றாவதாக மருந்தியல் படிக்கிற பிள்ளைகளுக்கு இது தெரிந்திருக்கும். மூலிகையைச் சேகரித்து, காயவைத்து, மூட்டை கட்டுவதற்கு முன்பு வேண்டாத பாகங்களையும் மண்ணையும் வேறு செடியின் இலைகளையும் நீக்குகிற படிக்குப் பாடப்புத்தகத்தில் கார்ப்ளிங் என்றே தலைப்பு. நன்னாரி வேரில் ஒட்டிய மண்ணை உதறுவதும், காய்ந்த ஆடாதோடை இலைக்குள் கிடக்கும் குச்சியை எடுத்து எறிவதும் எல்லாம் அதில் அடங்கும்.

உச்சரிப்பை முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். எழுத்துக்கூட்டினால் ஜீ, ஏ, ஆர், பீ, எல், ஈ. முதல் ஒலி கல்லில் வரும் ‘க’ இல்லை, காந்தி என்று சொல்லும்போது வருகிற அழுத்தமான ஒலி. நடுவில் வருவது பம்பரத்தின் இரண்டாவது ‘ப’. பிரிட்டிஷ்காரர் ‘ர்’ ஒலியை விழுங்கிவிடுவார்கள், அமெரிக்கர் நாக்கை மடித்துச் சொல்வார்கள். நாம் எப்படிச் சொன்னாலும் புரியும், கவலை வேண்டாம்.

சரி, சலிப்பது என்றால் என்ன என்று எனக்கு யாரும் பாடம் எடுக்கத் தேவையில்லை. என் அப்பா பொகவந்தலாவைப் பக்கம் ஒரு தோட்டத்து ஸ்டோரில் சிப்டிங் ரூமில் வேலை செய்தவர். தேயிலைத் தொழிற்சாலையை நம் ஆட்கள் ஸ்டோர் என்றுதான் சொல்வார்கள் என்பது வெளியூர் வாசகருக்காக. கொழுந்தை வாட்டி, அரைத்து, புளிக்க வைத்து, அடுப்பில் காயவைத்த பிறகு கடைசியாக வருவது இந்த அறை. மிடில்டன் என்றும் சோட்டா என்றும் பெயர் கொண்ட சல்லடை இயந்திரங்கள் நாள் முழுக்க ஆடிக்கொண்டிருக்கும். பெரிய கண்ணில் தங்குவது ஒன்று, சின்னக் கண்ணில் இறங்குவது ஒன்று, எல்லாவற்றிலும் தப்பி அடியில் விழுவது டஸ்ட். பக்கத்திலேயே காற்றாடி வைத்த நீளப் பெட்டி ஒன்று. அதில் தேயிலையைக் கொட்டினால் கனமானது கிட்டத்தில் விழும், சருகும் நாரும் பறந்து தூரத்தில் விழும். நம் பெண்கள் முற்றத்தில் சொளகு பிடித்துச் செய்கிற வேலையை வெள்ளைக்காரன் பெட்டிக்குள் அடைத்துவிட்டான் என்பார் அப்பா. வீட்டுக்கு வரும்போது புருவத்தில் கூடத் தூள் ஒட்டியிருக்கும். “சலிச்சு சலிச்சே மனுசனுக்குச் சலிச்சுப் போச்சு” என்று தண்ணீர் விழும் பீலியடியில் முகம் கழுவுவார். ஒரே சொல்லை இரண்டு பொருளில் வைத்து விளையாடுகிறோம் என்று அவருக்குத் தெரியுமோ தெரியாதோ, எனக்கு மொழிப் பைத்தியம் பிடித்ததற்கு அந்த வாக்கியமும் ஒரு காரணம்.

ஆனால் அந்த ஸ்டோரில் டீமேக்கர் வாயிலோ துரை வாயிலோ கார்பிள் என்ற சொல்லை நான் கேட்டதே இல்லை. தேயிலைக்காரர்களுக்கு சிஃப்ட் (சலித்தல்) உண்டு, வினோ (தூற்றுதல்) உண்டு, கிரேட் (தரம் பிரித்தல்) உண்டு. கார்பிள் அதற்கு முந்திய காலத்துச் சொல், மிளகும் கிராம்பும் சாதிக்காயும் கப்பலில் போன காலத்துச் சொல்.

அது பிறந்த வீடு அரபு. அரபியில் ‘கர்பல’ என்றால் சலித்தான் என்று பொருள், ‘கிர்பால்’ என்றால் சல்லடை. அக்குறணையில் எனக்குத் தெரிந்த மௌலவி ஒருவரிடம் இதைச் சொன்னபோது, “இதுல என்ன புதினம், மாவு சலிக்கிறதுக்கு இன்னைக்கும் அதே சொல்லுதான்” என்று மிகச் சாதாரணமாகச் சொல்லிவிட்டார். அரபு வணிகர்களிடமிருந்து அது மத்தியதரைக் கடல் துறைமுகங்களில் இத்தாலிய வியாபாரிகள் வாய்க்குப் போனது. பிறகு பிரெஞ்சு வழியாக 15ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்து சேர்ந்தது. அரபுக்கே அது சல்லடையைக் குறிக்கும் ஒரு லத்தீன் சொல்லிலிருந்து போயிருக்கலாம் என்று சில அகராதிகள் சொல்கின்றன. அப்படியானால் ரோமிலிருந்து புறப்பட்டு, பாலைவனத்தைச் சுற்றிவிட்டு மறுபடி ஐரோப்பாவுக்கே திரும்பிய சொல் அது.

லண்டன் மாநகரில் வாசனைப் பொருட்களைச் சலித்துச் சோதிப்பதற்கென்றே ஒரு அதிகாரி இருந்தார். அவர் பதவிப் பெயரே கார்ப்ளர். எந்தக் கடைக்குள்ளும் எந்தக் கிடங்குக்குள்ளும் நுழைந்து, மூட்டையைப் பிரித்து, மிளகையும் மருந்துச் சரக்கையும் சலித்துப் பார்க்க அவருக்கு அதிகாரம் உண்டு. முதலாம் ஜேம்ஸ் அரசர் காலத்தில் வாசனைப் பொருட்களை ஒழுங்காகக் கார்பிள் செய்ய வேண்டும் என்று தனிச் சட்டமே போட்டார்கள். மிளகுக்கு அப்போது அவ்வளவு விலை, அந்த விலைக்கு ஏற்ற அளவு கலப்படம். மண், கல், பழைய சரக்கு என்று எடை கூட்ட எதையும் கலந்தார்கள். பின்னர் 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அந்தச் சட்டத்தை நீக்கினார்கள். அந்த அதிகாரம் போனது, சொல் மட்டும் வேறு வேலை தேடிக்கொண்டது.

எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். கொஞ்சம் நின்று பார்ப்போம்.

சலிப்பது என்றால் இரண்டு குவியல் வரும். ஒன்று நல்லது, ஒன்று கழிவு. யார் கையில் சல்லடை இருக்கிறதோ அவர் நினைத்தால் நல்லதைத் தனக்கு எடுத்துக்கொண்டு கழிவை உங்களிடம் நல்ல சரக்கென்று தள்ளிவிடலாம். ஆங்கில வணிகர்கள் அதையும் அதே சொல்லால்தான் சொன்னார்கள். கார்பிள் என்றால் கழிவை நீக்குவது என்பதோடு, நல்லதைப் பொறுக்கிக்கொண்டு போவது என்ற பொருளும் வந்து ஒட்டிக்கொண்டது. 19ஆம் நூற்றாண்டில் ஜெவன்ஸ் என்ற பொருளியலாளர் நாணயங்களைப் பற்றி எழுதும்போது இதைக் குறிப்பிடுகிறார். புழக்கத்தில் வருகிற தங்க நாணயங்களில் தேயாத, எடை குறையாத புதிய நாணயங்களைப் பொறுக்கி எடுத்து உருக்கிவிட்டு, தேய்ந்தவற்றை மறுபடி சந்தையில் விடுவார்கள். அதற்குப் பெயர் நாணயத்தைக் கார்பிள் செய்தல்.

மிளகில் முடிந்தது, காசில் முடிந்தது, பேச்சில் முடியாதா? ஒருவர் எழுதிய கடிதத்திலிருந்து தனக்கு வேண்டிய வரிகளை மட்டும் பொறுக்கி எடுத்து, மற்றதை விட்டுவிட்டு, ‘பாருங்கள், இவரே சொல்லியிருக்கிறார்’ என்று காட்டுவது. 17ஆம் நூற்றாண்டின் கடைசியிலேயே இந்தப் பொருள் வந்துவிட்டது. பழைய ஆங்கிலச் செய்தித்தாள்களிலும் நாடாளுமன்றச் சண்டைகளிலும் ‘கார்பிள்ட் எக்ஸ்ட்ராக்ட்’ என்று வந்தால் தெளிவில்லாத பகுதி என்று படித்துவிடாதீர்கள். வேண்டுமென்றே வெட்டி எடுத்த பகுதி என்று பொருள். குற்றச்சாட்டு அது.

ஒரு உதாரணம் சொல்கிறேன். சம்பளப் பேச்சுவார்த்தை நடக்கும் காலம். தலைவர் ஒருவர் தோட்டத்துக் கூட்டத்தில் பேசுகிறார்: “இந்தத் தொகைக்கு நீங்கள் சம்மதித்தால் நாளைக்கே கையெழுத்து வைக்கிறேன். ஆனால் சம்மதிக்காதீர்கள், இது போதாது.” மறுநாள் எதிர்க்கட்சிக்காரர் துண்டுப் பிரசுரம் அடிக்கிறார்: “நாளைக்கே கையெழுத்து வைக்கிறேன் என்றார் தலைவர்.” இதில் ஒரு சொல் கூடப் பொய்யில்லை. எல்லாமே அவர் வாயிலிருந்து வந்தவை. ஆனால் சலித்து எடுத்தவை. பொய் சொல்வதற்கும் கார்பிள் செய்வதற்கும் உள்ள வித்தியாசம் இதுதான். பொய்யில் புதிதாக ஒன்றைச் சேர்க்க வேண்டும். இங்கே எதையும் சேர்க்க வேண்டியதில்லை, எடுத்தால் போதும்.

தமிழில் சலிக்கும் வேலைக்கு எத்தனை வினைகள் இருக்கின்றன என்று எண்ணிப் பார்த்தால், ஆங்கிலக்காரர் மீது எனக்குப் பரிதாபமே வரும். சொளகில் போட்டு மேலே தட்டி உமியைப் பறக்கவிட்டால் புடைத்தல். மெல்ல ஆட்டிக் கல்லை ஒரு பக்கம் ஒதுக்கினால் நாவுதல். பெரியதையும் சின்னதையும் பிரித்தால் கொழித்தல். மாவை நயமாகப் பிரித்தால் தெள்ளுதல். சல்லடையில் போட்டால் சலித்தல். தண்ணீர் ஊற்றி அலசிக் கல்லை அடியில் நிறுத்தினால் அரித்தல். காற்றில் அள்ளி வீசினால் தூற்றுதல். என் அம்மா இவற்றில் ஒன்றுக்கு மற்றதைச் சொன்னால் திருத்துவாள். அரிசி புடைக்கச் சொன்னேனா, நாவச் சொன்னேனா என்று கேட்பாள்.

இந்தச் சொற்கள் பிறகு போன வழிகளைப் பாருங்கள். தெள்ளுதல் நல்ல வழியில் போயிற்று: தெள்ளிய நீர், தெள்ளத் தெளிந்த பேச்சு. கொழித்தல் பணக்கார வீட்டுக்குப் போயிற்று, அங்கே செல்வம் கொழிக்கிறது. புடைத்தல் போலீஸ் ஸ்டேஷனுக்குப் போயிற்று, நையப் புடைத்தார்கள். தூற்றுதல் மட்டும் இரண்டாகப் பிரிந்தது. ‘காற்றுள்ளபோதே தூற்றிக்கொள்’ என்பதில் அது உழவனின் வேலை, ‘ஊரெல்லாம் தூற்றுகிறார்கள்’ என்பதில் அது பழி பரப்புகிறவன் வேலை. களத்து வேலையாகத் தொடங்கி வாய்க் கோளாறாக முடிந்த வகையில் கார்பிளுக்குத் தமிழில் ஒரு உடன்பிறப்பு உண்டென்றால் அது தூற்றுதல்தான். பொருள் ஒன்றல்ல, விதி ஒன்று.

இனி இன்றைய ஆங்கிலத்துக்கு வருவோம். வேண்டுமென்றே வெட்டித் திரித்தல் என்ற பொருளும் இப்போது தேய்ந்து, யாருடைய குற்றமும் இல்லாமல் செய்தி உருக்குலைந்து போவதே முதன்மைப் பொருளாகிவிட்டது. உங்கள் போன் அகராதி ‘குழப்பு’ என்று காட்டியது இதைத்தான். இதற்கு என் குடும்பத்திலேயே ஒரு கதை இருக்கிறது.

தோட்டத்தில் தொலைபேசி என்றால் துரை பங்களாவிலும் ஆபீசிலும் மட்டுமே இருந்த காலம். என் மாமா குடலிறக்க ஆபரேஷனுக்காக டவுன் ஆஸ்பத்திரியில் இருந்தார். ஒருநாள் காலையில் ஆபீசுக்குச் செய்தி வந்தது. இங்கே ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அனுப்புவதை டிக்கட் வெட்டுவது என்போம். ‘டிக்கட் வெட்டியாச்சு, பின்னேரம் பஸ்ஸுல வாராரு’ என்பதுதான் செய்தி. ஆபீஸ் பையன் ரோட்டில் நின்று கணக்கப்பிள்ளைக்குக் கூவினான். கணக்கப்பிள்ளை கீழ்மலையிலிருந்து மேல்மலைக்குக் கூவினார். நடுவில் ஒரு ஓடை, அன்றைக்கென்று நல்ல காற்று. மேல்மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்த என் அத்தையின் காதுக்கு வந்து சேரும்போது அது ‘டிக்கட் வாங்கிட்டாரு, பின்னேரம் கொண்டாராங்க’ என்று ஆகியிருந்தது. சினிமா பார்க்கிற எல்லோருக்கும் அதற்கு என்ன அர்த்தம் என்று தெரியும்.

அத்தை கூடையைப் போட்டுவிட்டு ஓடினாள். மலை காலியாகிவிட்டது. மத்தியானத்துக்குள் லயத்து வாசலில் வெள்ளைக்கொடி, தப்புக்காரருக்கு ஆள் போயாயிற்று, அடுத்த தோட்டத்து உறவுக்காரர்கள் அரிசியோடு வந்தாயிற்று. நாலரை மணி பஸ்ஸில் மாமா ஒரு சீப்பு கோழிக்கூட்டு வாழைப்பழத்தோடு இறங்கி, கொடியைப் பார்த்துவிட்டு, வயிற்றைப் பிடித்தபடி மெல்ல நடந்து வந்து, “யாரு வீட்டுல எழவு?” என்று கேட்டார். அவர் அதற்குப் பிறகு இருபது வருஷம் இருந்தார். வந்த அரிசியைத் திருப்பிக் கொடுக்க முடியாமல் எல்லோருக்கும் அன்றைக்குச் சாப்பாடு போட்டார்கள்.

ஆங்கிலத்தில் இதை ‘த மெஸெஜ் காட் கார்பிள்ட்’ என்று நான்கே சொல்லில் முடித்துவிடலாம். கணக்கப்பிள்ளை பொய் சொல்லவில்லை, பையன் விளையாடவில்லை. செய்தியில் ஓரிரு துண்டுகள் காற்றில் விழுந்து போயின, மிச்சத்தை வைத்துக் காது தனக்குத் தெரிந்த ஒரு வாக்கியத்தைக் கட்டிக்கொண்டது. கார்பிள்ட் என்பதற்கு இது சரியான இலக்கணம். முழுக்கவும் அழிந்துபோன செய்தியை அப்படிச் சொல்வதில்லை. ஏதோ வந்து சேர்ந்திருக்க வேண்டும், வந்தது உருமாறியிருக்க வேண்டும்.

இன்றைய உதாரணங்கள் வேண்டுமானால் நிறைய இருக்கின்றன. சிக்னல் இல்லாத வளைவில் பஸ் திரும்பும்போது போனில் கேட்கிற குரல் கார்பிள்ட். பஸ் ஸ்டாண்ட் ஒலிபெருக்கியில் வரும் அறிவிப்பு எந்த மொழியிலும் கார்பிள்ட். பாமினி எழுத்துருவில் தட்டிய தமிழ்க் கடிதத்தை அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் ஆங்கில எழுத்துகள் ஏதோ ஒரு வரிசையில் நிற்க, புள்ளி வைத்த இடத்திலெல்லாம் அரைப்புள்ளியாகக் கிடக்குமே, யூனிகோட் வருவதற்கு முன்பு நாம் எல்லோரும் பட்ட அந்த அவஸ்தைக்கும் இதே சொல்தான். பதட்டத்தில் வசனத்தை மாற்றிச் சொல்லும் நாடக நடிகனும் தன் வரிகளைக் கார்பிள் செய்கிறான்.

பயன்படுத்தும்போது கவனிக்க வேண்டியது என்னவென்றால், இந்த வினைக்குச் செயப்படுபொருளாக வருவது சொல்லோ செய்தியோ பெயரோ கணக்கோ விவரமோதான். மனிதரைக் கார்பிள் செய்ய முடியாது. ‘அவன் என்னைக் குழப்பிவிட்டான்’ என்பதற்கு இதைப் போட்டால் தவறு, அதற்குக் கன்ஃபியூஸ் இருக்கிறது. என் மாணவர்கள் பலர் அகராதியில் ‘குழப்பு’ என்று பார்த்துவிட்டு இதையே செய்தார்கள். ஒரு பிள்ளை, கணக்கு ஆசிரியர் தன்னைக் கார்பிள் செய்துவிட்டார் என்று எழுதியிருந்தாள். அதைப் படித்துவிட்டு அவரைச் சல்லடையோடு கற்பனை செய்யாமல் இருக்க முடியவில்லை. அப்புறம், அறையைக் கலைத்துப் போடுவதற்கும் இது பொருந்தாது. முக்கால்வாசி இடங்களில் ‘கார்பிள்ட்’ என்ற வடிவத்திலேயே வரும், பெயருக்கு முன்னால் அடையாகவோ அல்லது செயப்பாட்டு வினையாகவோ. கார்பிள் என்று நேராக நிகழ்காலத்தில் எழுதுகிறவர்கள் குறைவு. அதைப் பெயர்ச்சொல்லாகவும் சிலர் பயன்படுத்துவார்கள், குறிப்பாகத் தந்தி, வானொலி, ரகசியக் குறியீடு சம்பந்தமான எழுத்துகளில்.

ஒலியில் பக்கத்து வீட்டுக்காரர்கள் சிலரும் உண்டு. தொண்டையில் உப்புத் தண்ணீர் கொப்பளிப்பது கார்கிள். வேகமாகப் புரியாமல் பேசுவது காபிள். அவசரமாக விழுங்குவது கோபிள். குப்பைக்குச் சொல்லும் கார்பேஜ் வேறு பிறப்பு. முதலில் அது கோழியின் தலை, கால், குடல் போன்றவற்றைக் குறித்தது. ஆனால் அது கழிவு என்ற பொதுப் பொருளுக்கு நகர்ந்ததில் இந்தக் கார்பிளின் சாயல் பட்டிருக்கலாம் என்று சொற்பிறப்பு ஆய்வாளர்கள் நினைக்கிறார்கள்.

தமிழில் எப்படிச் சொல்வது? அகராதிகள் ஒரே சொல்லைக் கொடுப்பது எனக்கு உடன்பாடில்லை. சரக்காக இருந்தால் ‘துப்பரவாக்கிய’ அல்லது ‘தரம் பிரித்த’ என்று எழுதலாம். வேண்டுமென்றே செய்ததாக இருந்தால் ‘வெட்டித் திரித்த’ என்பது சரி, ‘வெட்டி ஒட்டிய’ என்பது இன்னும் சரி. தற்செயலாக நேர்ந்ததற்கு ‘குளறுபடியான’ என்பதைத்தான் நான் தேர்வேன். நாக்குழறுதலின் வாடையும் அதில் அடிக்கிறது, செய்தி உருக்குலைந்ததும் அதில் வந்துவிடுகிறது. ‘திரித்துக் கூறு’ என்று போட்டால் அந்தக் கணக்கப்பிள்ளையைக் குற்றவாளி ஆக்கிவிடுவோம், பாவம்.

இனி உங்கள் கொச்சிக் கடிதம். அன்கார்பிள்ட் என்று கேட்டிருப்பதால் சலிக்கும் செலவு உங்களுக்கு இல்லை, ஆனால் விலையும் அதற்கு ஏற்பக் குறையும். இலங்கை மிளகில் பெரும்பங்கு இந்தியாவுக்கே போவதால் அங்குள்ள வியாபாரிகள் இந்தக் கணக்கில் கெட்டிக்காரர்கள். துப்பரவாக்காத சரக்கு என்றாலும் எவ்வளவு காம்பு, எவ்வளவு பதர், எவ்வளவு ஈரம் வரை ஏற்பார்கள் என்று கேளுங்கள். ஒரு லீட்டர் மிளகு எத்தனை கிராம் நிற்க வேண்டும் என்றும் கேளுங்கள். 500 என்பதற்கும் 550 என்பதற்கும் விலையில் வித்தியாசம் இருக்கும். பதர் கூடினால் அந்த எடை நிற்காது. கார்பிள்ட் என்றால் என்ன விலை என்பதையும் அதே கடிதத்தில் கேட்டு வையுங்கள். மாத்தளையில் சலித்துக் கொடுக்க ஆள் கூலி கட்டுப்படியானால் சுத்தம் பார்த்த சரக்கையே அனுப்பலாம். பொறுக்கி எடுத்த காம்பும் தூளும் வீணாகாது, எண்ணெய் எடுக்கிறவர்கள் அதையும் வாங்குவார்கள்.

எல்லாவற்றையும் எழுத்திலேயே கேளுங்கள், தம்பி. போனில் வேண்டாம்.